நாற்பத்தொன்றும் நாற்பத்திரண்டும்

ஆரணியில் பட்டு நெய்யும் வீரபாகு, மகள் பிறந்ததும் திருவண்ணாமலை அம்மன் பெயரை முழுசாக வைத்தார்: அபிதகுசாம்பாள். யாராவது "அபிதா" என்று சுருக்கினால் அவருக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். "இழை அறுந்தா நாங்க முடி போடுறோம். நீங்க என்னாடான்னா நல்லா இருக்கிற பேரை அறுக்கிறீங்களே!" என்பார். பின்னாளில் அரசாங்கமே அதை அறுக்கும் என்று அவர் கனவிலும் நினைத்ததில்லை.

1970-ல் அபிதகுசாம்பாள் உள்ளூரில் ஓர் அரசு அலுவலகத்தில் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தாள். ஆறு வருடம் கோப்புக்கட்டு சுமந்து, பதவி உயர்வில் உதவியாளரானாள். மறு வருடமே செய்யாறு பக்கத்திலிருந்து ஜெயவேல் என்ற பையன் தேர்வெழுதி, நேராக உதவியாளராகவே வந்து பக்கத்து மேசையில் உட்கார்ந்தான். இருவரும் ஒரே டப்பாவில் புளிசாதம் சாப்பிடுவார்கள். சண்டை ஒரே ஒரு விஷயத்துக்குத்தான்.

"படிப்படியா ஏறி வந்தவ நானு. நான்தான் சீனியர்."

"உங்க உயர்வு தற்காலிகம்க்கா. பரீட்சை எழுதி வந்த நான்தான் சீனியர்."

விளையாட்டுச் சண்டை இல்லை இது. கண்காணிப்பாளர் ஓய்வு பெறப்போகிறார். அவர் உட்காரும் கைவைத்த தேக்கு நாற்காலி மேல் அபிதகுசாம்பாளுக்குக் கொள்ளை ஆசை. யாரும் இல்லாத நேரத்தில் அதைத் துடைக்கிற சாக்கில் இரண்டு தரம் உட்கார்ந்தும் பார்த்திருக்கிறாள்.

1981-ல் சென்னையிலிருந்து பணிமூப்புப் பட்டியல் வந்தது. தட்டச்சு செய்தவருக்கு ஒரு வரியில் பெயர் அடங்கவில்லை போலிருக்கிறது. 41, அபித. 42, குசாம்பாள். 43, ஜெயவேல். ஒரே பெண் இரண்டு ஆளாகிவிட்டாள்!

"ஒரு ஆளுக்குக் கீழ இருக்கிறதே பேஜாரு. இப்ப ரெண்டு ஆளா?" என்று ஜெயவேல் தலையில் அடித்துக்கொண்டான்.

பதவி உயர்வில் வந்தவர்களைப் பட்டியலில் மேலே வைத்ததை எதிர்த்து, ஜெயவேல் போன்ற நேரடி நியமனக்காரர்கள் கூட்டாக உயர்நீதிமன்றம் போனார்கள். எதிர்மனுதாரர் பெயர்களை எழுதிக் கொடுத்தவன் ஜெயவேல். ரொம்பப் புத்திசாலி அல்லவா! இல்லாத ஆள் மேல் எதற்கு வழக்கு என்று 42-ஐ அடித்துவிட்டு, 41 வரை மட்டும் சேர்த்தான். நீதிமன்றமும் அந்தப் பெயர்களுக்கு உயர்வு தரக்கூடாதென்று இடைக்காலத் தடை கொடுத்தது. அடுத்த மாதமே தலைமை அலுவலகம், தடையில் சிக்காத அடுத்த ஆளைக் கண்காணிப்பாளர் ஆக்கி ஆணை அனுப்பியது. அந்த ஆள் குசாம்பாள்.

அலுவலகமே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. "அபிதா மேடத்துக்குத் தடை, குசாம்பாள் மேடத்துக்கு நாற்காலி! வலது கால வச்சி உள்ள வாங்க, இடது கால வெளியவே வுட்டுடுங்க!" என்றார் பியூன் குப்புராஜ்.

இருவரும் ஒருவரே என்று அலுவலக அதிகாரி விளக்கி, என்ன செய்வதென்று கேட்டு எழுதினார். சென்னையிலிருந்து பதில் வந்தது: "மேற்படி இருவரில் பணியில் மூத்தவர் யார் எனத் தெரிவிக்கவும்."

பதில் எழுதவேண்டிய பிரிவு அபிதகுசாம்பாளுடையதுதான். 'ஒருவர் பெற்ற உயர்வு மற்றவருக்கும் சேரும்' என்று ஒரு வரி எழுதினால் போதும், நாளைக்கே தேக்கு நாற்காலி. கை துறுதுறுத்தது. கடைசியில் இப்படி எழுதினாள்: "இருவரும் ஒரே தாய்க்கு ஒரே உடம்பாகப் பிறந்தவர்கள். ஒருவருக்கு விதித்த தடை மற்றவருக்கும் பொருந்தும்." கையெழுத்துப் போட்டதும் அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

ஜெயவேல் எட்டிப் பார்த்துத் திகைத்தான். "என்னாக்கா இப்படிப் பண்ணிட்டீங்க?"

"பாதிப் பேருக்கு வந்த நாற்காலில பாதிதான் உட்கார முடியும், தம்பி. வந்தா முழுசா வரட்டும்."

ஐந்து வருடம் வாய்தாவிலேயே போனது. குசாம்பாளின் ஆணை ரத்தாகி, நாற்காலி காலியாகவே கிடந்தது. 1986-ல் தீர்ப்பு வந்தது: முறைப்படி உயர்வு பெற்று இடைவிடாமல் வேலை பார்த்தவர்களுக்கு உயர்வு பெற்ற நாளிலிருந்தே பணிமூப்பு உண்டு. பட்டியலையும் திருத்தினார்கள். அதில் ஜெயவேலுக்குக் கிடைத்தது ஒரே ஒரு படி. 43 இப்போது 42.

புது ஆணையில் பெயர் ஓரத்தைத் தாண்டி ஓடினாலும் ஒரே வரியில் இருந்தது. அபிதகுசாம்பாள் அதை நாலு தரம் வாய்விட்டுப் படித்தாள். பிறகு போய் நாற்காலி நிறைய உட்கார்ந்தாள்.

ஜெயவேல் இரண்டு மைசூர்பாகு பொட்டலங்களோடு வந்து நின்றான். "ஒண்ணு அபிதாவுக்கு, ஒண்ணு குசாம்பாளுக்கு."

"எதை முதல்ல பிரிச்சாலும் இன்னொருத்தி கேஸ் போடுவா," என்றாள் கண்காணிப்பாளர், கண்ணைத் துடைத்துக்கொண்டே. "ரெண்டையும் ஒண்ணா கொட்டுங்க தம்பி."