ஒரு குழாயும் ஒரு போலீஸ் ரிப்போர்ட்டும்

போன மாதம் லேத்து மாமா லீவில் வந்திருந்தபோது, ரேடியோவில் அந்தச் செய்தி வந்தது. நம் நாட்டிலேயே செய்த ஏவுகணை சோதனையில் சரியாகப் பறந்ததாம். பிள்ளைகளா, நீங்கள் இரண்டு பேரும் கைதட்டிவிட்டு, "மாமா, நீங்க செஞ்சதா?" என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டீர்கள். அவர் சிரித்துவிட்டு, "காப்பி ஆறிப்போச்சி, சூடு பண்ணித் தரச் சொல்லுங்க" என்றார். அவர் ஊருக்குப் போன பிறகு என்னிடம் கேட்டீர்கள். எனக்குத் தெரியாது என்றேன். நான் மழுப்புகிறேன் என்று நினைத்துக்கொண்டீர்கள்.

இல்லை, நிஜமாகவே தெரியாது. ஆனால் அவர் அந்த வேலைக்கு எப்படிப் போனார் என்று தெரியும். அதில் என் தப்பு ஒன்று இருக்கிறது. நேரில் சொல்ல வாய் வரவில்லை. அதனால் எழுதுகிறேன்.

நீங்கள் பிறப்பதற்கு முன்னால் நானும் அவரும் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்த லேத் பட்டறையில் வேலை செய்தோம். அப்போது எனக்கு அவர் 'அவன்'தான். அப்படியே எழுதுகிறேன். கீழ்பென்னாத்தூர் பக்கத்து விவசாயிகள் தேய்ந்துபோன மோட்டார் ஷாஃப்டைக் கொண்டுவருவார்கள். கடைந்து சரிசெய்து கொடுப்போம். நான் கடைந்தால் தண்ணீர் ஏறும். அவன் கடைந்தால் மோட்டார் சத்தமே மாறிப்போகும். தலைமுடியில் பாதி கனம் கூடக் குறைய இருந்தாலும் விரலால் தடவியே சொல்லிவிடுவான்.

வெளிநாட்டிலிருந்து வாங்குவதை விட்டு ஆயுதங்களை நாமே செய்துகொள்ள வேண்டும் என்று சர்க்கார் முனைந்திருந்த காலம் அது. படித்த பெரிய ஆட்கள் வரைந்து கொடுப்பார்கள். வரைந்ததை இரும்பில் கடைய ஆள் வேண்டுமே. வேறு மாநிலத்தில் ஒரு ராணுவ ஆராய்ச்சிக்கூடத்துக்குக் கடைசல்காரர்கள் தேவை என்று பேப்பரில் போட்டிருந்தார்கள். இரண்டு வருடம் விடாமல் எழுதிப் போட்டு, பரீட்சைக்குப் போய், அவர்கள் கண்ணெதிரே ஒரு ஜாப், அதாவது கொடுத்த இரும்புத் துண்டை, கடைந்து காட்டி, தேர்வாகிவிட்டான். பாக்கி இருந்தது, ஆள் நல்லவன்தான் என்று நம்மூர் போலீஸ் அனுப்ப வேண்டிய ரிப்போர்ட் ஒன்றுதான். குறித்த நாளுக்குள் அது நல்லபடியாகப் போய்ச் சேராவிட்டால் வேலை அடுத்த ஆளுக்குப் போய்விடும்.

"காசு குடுத்தாலும் சில சாமானை நமக்கு விக்க மாட்டேங்கிறானுங்களாம்டா. அதான் நம்மளே கடையப் போறோம்" என்று பட்டறையில் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருந்தான். அவன் அவ்வளவு பேசி நான் பார்த்ததில்லை.

அந்தச் சமயத்தில்தான் ஜவ்வாது மலையிலிருந்து ஒருவர் வந்தார். கோணிப்பையில் சுற்றிய ஒரு இரும்புக் குழாய். காட்டுப்பன்றி சாமைக் கொல்லையைப் பாழாக்குகிறது, நாட்டுத் துப்பாக்கிக்கு இதைக் கடைந்து கொடுங்கள் என்றார். அவன், "அதெல்லாம் இங்க கிடையாதுங்க, எடுத்துக்கினு போங்க" என்று திருப்பி அனுப்பிவிட்டான். அவன் சாப்பிடப் போன நேரத்தில் அந்த ஆள் மறுபடியும் வந்தார். கூலி ஜாஸ்தி தருகிறேன் என்றார். நான் கடைந்து கொடுத்துவிட்டேன். அவனிடம் சொல்லவில்லை.

பத்து நாள் கழித்து, பக்கத்து ஊர் லேத்துக்காரர் ஒருவரை இதே மாதிரிக் குழாய் விஷயமாகப் போலீசார் பிடித்துக்கொண்டு போனார்கள் என்று சேதி வந்தது.

அந்த வாரமே, அவன் ஷாஃப்ட் மாட்ட கீழ்பென்னாத்தூர் போயிருந்த அன்று, வெள்ளைச் சட்டையும் காக்கிப் பேன்ட்டுமாக ஒருவர் சைக்கிளில் வந்து இறங்கினார். பட்டறையில் நான் மட்டும் இருந்தேன். போலீஸ்தான், குழாயைத் தேடித்தான் வந்திருக்கிறார் என்று நினைத்துவிட்டேன். கையிலிருந்த காகிதத்தைப் பார்த்து அவன் பெயரைப் படித்தார்.

"இந்தாளு இங்கதான வேலை செய்றான்?"

"இல்லீங்க. அப்படி யாரும் இங்க இல்லீங்க."

"முன்னாடி இருந்தானா?"

"தெரியாதுங்க."

எழுதிக்கொண்டு, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுப் போனார். கூட்டாளியைக் காப்பாற்றிவிட்டோம் என்று பெருமையாகக்கூட இருந்தது. ஆனால் உங்களிடம் மறைக்கக் கூடாது. அவனைக் கேட்டால் குழாயோடு வந்த ஆளைப் பற்றி அவன் உள்ளபடி சொல்வான், கடைசியில் என்னிடம் வந்து நிற்கும் என்ற பயம்தான் முதலில் வந்தது. அதனாலேயே சாயங்காலம் அவனிடம் வாய் திறக்கவில்லை.

அடுத்த வாரம் அவன் ஒரு கார்டை எடுத்துக்கொண்டு வந்தான். அவனோடு தேர்வான வேலூர்க்காரர் எழுதியது. அவருக்கு ஆர்டர் வந்துவிட்டதாம்.

"மஃப்டியில வந்து அக்கம்பக்கம் விசாரிப்பாங்களாம். இங்க யாரும் வரலியே?"

என் லேத்தில் உளி ஜாப்புக்குள் பாய்ந்து முறிந்தது. அவன் வந்து ஸ்விட்சை அணைத்தான். எல்லாவற்றையும் சொன்னேன்.

"எந்தக் குழாய்? நான்தான் திருப்பி அனுப்பிட்டேனே."

"நீ சாப்பிடப் போனப்ப திரும்பி வந்தாருடா."

அடிப்பான் என்று நினைத்தேன். அவன் அந்த முறிந்த உளியைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "ரெண்டு வருசம்டா" என்றான். அவ்வளவுதான்.

மறுநாள் காலையில் இருவரும் ஸ்டேஷனுக்குப் போனோம். கார்த்திகை தீபத் திருவிழாவுக்கு நாலு நாள்தான் இருந்தது. வெளியூரிலிருந்து பந்தோபஸ்துக்கு வந்த போலீஸ்காரர்கள் மூட்டை முடிச்சோடு வாசல் வரைக்கும் உட்கார்ந்திருந்தார்கள். அன்று சைக்கிளில் வந்தவர் ஏட்டு. என்னைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டார்.

"தீபம் முடிஞ்சி வாங்கய்யா."

"அதுக்குள்ள வேலூர் ஜில்லா ஆபீசுக்கு ரிப்போர்ட் போகணும் ஏட்டய்யா. இல்லன்னா வேலை போயிடும்" என்றான் அவன்.

"ஏம்பா, இந்தப் பேர்ல ஆளே இல்லைன்னு எழுதி வெச்சிக்கீறேன். இப்ப இத்தாம் பெரிய ஆளு முன்னாடி வந்து நிக்கிறான். நான் எதை நம்புறது?" என்று என் பக்கம் திரும்பினார். "இன்னாத்துக்குப் பொய் சொன்ன?"

வரும் வழியிலேயே முடிவு செய்திருந்தேன், குழாயைச் சொல்லிவிடுவது என்று. வாயைத் திறந்தேன். அவன் முந்திக்கொண்டான்.

"இவன் பயந்தாங்கொள்ளிங்க. பக்கத்து ஊர்ல லேத்துக்காரரப் புடிச்சாங்க இல்ல? அதுலேர்ந்து காக்கி போட்ட பஸ் டிரைவரப் பார்த்தாக்கூட சந்துக்குள்ள பூந்துடறான்."

உட்கார்ந்திருந்த போலீஸ்காரர்கள் சிரித்தார்கள். ஏட்டு சிரிக்கவில்லை. எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"உங்க பட்டறையில குழாய் கிழாய் கடையலியே?"

"இல்லீங்க" என்றான் அவன்.

மயிரிழை பிசகினாலும் ஜாப்பைத் தூக்கிப் போட்டுவிட்டு மறுபடி ஆரம்பிக்கிறவன். அவன் பொய் சொல்லி நான் கேட்டது அன்று ஒருநாள்தான்.

ஏட்டு ஒரு வெள்ளைத் தாளை என் முன்னால் தள்ளினார். இவரை எனக்கு ஆறு வருடமாகத் தெரியும், நாணயமானவர், இவர்மேல் எந்தக் குற்றமும் கிடையாது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். தீபம் முடிந்து மூன்றாம் வாரம் அவனுக்கு ஆர்டர் வந்தது. அதற்குப் பிறகு எந்தக் குழாயையும் நான் தொடவில்லை.

இப்போது போன மாதத்துக்கு வருகிறேன். அவரை வழியனுப்ப பஸ் ஸ்டாண்டுக்குப் போனேன் இல்லையா? வழியில் நானும் நீங்கள் கேட்டதையே கேட்டேன். "அது உன் கை பட்டதாடா?"

பையைத் தோள் மாற்றிக்கொண்டார். பிறகு, "அந்த மலைக்காரரு அப்புறம் வந்தாரா?" என்றார்.

"வரலை."

"அந்தக் குழாய் இன்னா ஆச்சி?"

"தெரியல. பன்னிக்குன்னுதான் சொன்னாரு."

"எனக்கும் காரணம் சொல்லித்தான்டா குடுக்கிறாங்க. நல்ல காரணம்தான். நானும் நம்பித்தான் கடையறேன். அது எங்க போய், யார் மேல…" என்று ஆரம்பித்தவர் அதோடு நிறுத்திக்கொண்டார்.

பஸ் வந்தது. ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்து, "புள்ளைங்க கேட்டா நட்டு கடையறேன்னு சொல்லுடா" என்றார்.

நான் உங்களிடம் அப்படிச் சொல்லவில்லை. அவரைப் பற்றி ஏற்கெனவே ஒருமுறை பொய் சொன்னவன் நான். அதனால்தான் தெரியாது என்றேன்.