பரணில் ஆளில்லாத படம்: மாத்தளையிலிருந்து பல்லேகமவுக்கு

பல்லேகமப் பக்கம் போகவிருக்கும் இரண்டு வாசகர்கள், பாதை எப்படி, எத்தனை மணிக்குக் கிளம்பலாம் என்று கேட்டு எழுதியிருந்தார்கள். நான் அந்தப் பாதையில் போனது ஒரே ஒரு தடவை, எழுபதுகளின் தொடக்கத்தில், ஒரு ஜூலை மாதம். ஊர் பார்க்கப் போகவில்லை. நான் எழுதி இயக்கிய முதல் கார்ட்டூன் படத்தைப் பிள்ளைகளுக்குக் காட்டப் போனேன். ஆகவே இந்தப் பதிவில் பாதையும் வரும், படமும் வரும். எழுபத்தெட்டு வயதில் எழுதுகிறவளுக்கு இரண்டையும் பிரிக்கத் தெரியவில்லை.

அப்போது எனக்கு முப்பத்தொரு வயது. கொழும்பில் ஒரு சிறிய கல்விப்பட நிறுவனத்தில் வேலை. அதன் கார்ட்டூன் பிரிவு என்பது இரண்டு மேசை, இரண்டு பேர். படம் பாதியில் இருக்கும்போது மற்றவர் கனடாவுக்குப் போய்விட்டார். மீதியை நான் தனியாக வரைந்தேன். செக்கனுக்குப் பன்னிரண்டு ஓவியம், ஏழு நிமிடத்துக்கு ஐயாயிரத்து நாற்பது. இரண்டரை வருஷம் ஆனது. சில நாட்களில், தேத்தண்ணி கொண்டுவரும் போர்டிங் அம்மாவிடம் "வையுங்க" என்று சொன்னதுதான் அன்று முழுக்க நான் பேசிய ஒரே வார்த்தையாக இருக்கும்.

கதை இதுதான். குண்டன் என்ற யானை பூசணிக்காய்க்கு ஆசைப்பட்டு, காட்டை வெட்டிப் பயிரிட்ட ஒரு சேனைக்குள் புகும். காவல் பரணின் கூரைக்குள் தலையை விட்டு மாட்டிக்கொள்ளும். பிறகு கூரையைத் தொப்பி மாதிரி போட்டுக்கொண்டு ஊரெல்லாம் ஓடும். இசை மட்டும் பதிவாகியிருந்தது. குரல் பதிவுக்குச் செலவழிக்கும் முன் மாத்தளை மாவட்டத்தில் மூன்று பாடசாலைகளில் காட்டி அறிக்கை எழுதச் சொன்னார் முகாமையாளர். பிள்ளைகள் ரசிக்காவிட்டால் கார்ட்டூன் பிரிவை மூடிவிடுவதாகவும் சொன்னார். படம் ஓடும்போது எல்லாக் குரலையும் நானே பக்கத்தில் நின்று பேசவேண்டும், தமிழில் அல்லது சிங்களத்தில்.

கொழும்புக் கோட்டையில் காலை 5.55க்கு ரயில். கண்டியில் மாறி, மாத்தளையில் இறங்கியபோது 10.40. என் அப்பா அங்கே கச்சேரியில், அதாவது மாவட்ட அரசாங்க அலுவலகத்தில், கிளாக்காக இருந்தவர். பதினான்கு வயதுவரை நான் வளர்ந்த ஊர்தான். ஆனால் அப்பா இறந்தபின் அம்மா யாழ்ப்பாணம் போய்விட்டதால், நின்று பேசுவதற்குத் தெரிந்தவர் என்று ஒருவரும் அங்கே இல்லை. பிற்பகல் இரண்டு மணிக்கு ஒரு தமிழ்ப் பாடசாலை மண்டபத்தில் படம் போட்டேன். நூற்றுக்கு மேல் பிள்ளைகள். யானை கூரையோடு ஓடியபோது அவர்கள் சிரித்த சிரிப்பில் என் குரல் எனக்கே கேட்கவில்லை. வாடிவீட்டில் அறை எட்டு ரூபாய், சாப்பாடு தனி. இடியப்பத்தைப் பிய்த்துக்கொண்டிருந்தபோது, அந்தச் சிரிப்பைப் பற்றிச் சொல்ல ஒரு ஆள் இருந்தால் நன்றாக இருக்குமே என்று தோன்றியது.

மறுநாள் காலை ஆறு மணிக்கு வாடகை ஜீப் வந்தது. சாரதி கரீம் நானா, மாத்தளைக்காரர், ஐம்பது வயதிருக்கும். புரொஜெக்டரையும் சின்ன ஜெனரேட்டரையும் அவரே கட்டினார். ரத்தோட்டை ஏழரை மைல், அரை மணி நேரம். அதற்குப் பிறகுதான் ஏற்றம். ரிவர்ஸ்டன் மேட்டில் காற்று ஜீப்பின் கதவைத் திறக்கவிடவில்லை. கீழே இறங்கி இலுக்கும்புரவில் பதினைந்து சதத்துக்குத் தேத்தண்ணி குடித்தோம். அங்கேதான் கரீம் நானா என்ன படம் என்று கேட்டார். யானைப் படம் என்றேன்.

"பல்லேகமத்துக்கு ஆனைப் படமா, மிஸ்?" என்றார்.

பகிடி விடுகிறார் என்று நினைத்துச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

மாத்தளையிலிருந்து மொத்தம் நாற்பது மைலுக்குச் சற்றுக் குறைவு. பல்லேகம சேர்ந்தபோது 11.15. பாடசாலையின் பெரிய வகுப்பறையில் ஜன்னல்களைச் சாக்கால் மூடி, ஒரு மணிக்குப் படத்தைத் தொடங்கினோம். அறுபது பிள்ளைகள். எல்லோரும் சிங்களம் பேசுகிறவர்கள், நானும் சிங்களத்தில் பேசினேன். குண்டன் சேனைக்குள் கால் வைத்ததும் முன்வரிசைப் பிள்ளைகள் பின்னால் நகர்ந்தார்கள். ஒருவரும் சிரிக்கவில்லை. யானை கூரையைத் தூக்கியது. நடுவரிசையில் ஒரு சிறுமி எழுந்து நின்றாள். ஒன்பது வயதிருக்கும். அழவில்லை, கத்தவில்லை. ஒரு கணக்கில் சந்தேகம் கேட்பது போலக் கேட்டாள்.

"பரணுக்குள்ள இருந்தவர் எங்க?"

நான் யானையின் குரலில் தொடர்ந்தேன். அவள் மறுபடியும் அதையே கேட்டாள். அதற்குப் பிறகு என்னால் பேச முடியவில்லை. மிச்ச இரண்டு நிமிடமும் இசை மட்டும் ஓடியது, துள்ளல் இசை.

பிறகு ஆசிரியர் சொன்னார். அவள் பெயர் சுமனா. மாசி மாதம், அறுவடைக்குச் சில நாள் இருக்கையில், காவலுக்குப் போன அவளுடைய அப்பாவைப் பரணோடு சேர்த்து யானை தள்ளிவிட்டது, அவர் பிழைக்கவில்லை. கரீம் நானா வயரைச் சுற்றிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். "நான் சொன்னேனே" என்று அவர் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

அடுத்த நாள் காலை ஏழரைக்கு அவரும் நானும் ஒன்றரை மைல் நடந்து அவர்கள் வீட்டுக்குப் போனோம். மன்னிப்புக் கேட்பதுதான் என் எண்ணம். சுமனாவின் தாய் கித்துல் கருப்பட்டித் துண்டோடு வெறும் தேத்தண்ணி தந்தார். படத்தைப் பற்றி அவருக்குக் கோபம் இருந்ததாகத் தெரியவில்லை. நான் சிங்களத்தில் நீளமாக ஏதோ சொன்னேன். கேட்டு முடித்துவிட்டு, மகளைக் கூப்பிட்டுப் பக்கத்தில் நிறுத்தினார்.

"பிள்ளை கேட்டதுக்கு நீங்க பதில் சொல்லலியாம். அதைச் சொல்லுங்க" என்றார்.

பொய் சொல்ல நினைத்தேன். அவர் கடைக்குப் போயிருந்தார், வீட்டுக்குப் போயிருந்தார் என்று எதையாவது. அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நான் அவரை வரையவே இல்ல," என்றேன். "பரணில ஒரு ஆள் இருப்பார் என்று எனக்குத் தோணவே இல்ல."

சுமனா கொஞ்சம் யோசித்தாள். "அப்ப இனிமே வரைங்க. ஆனை வர முன்னமே அவரை இறங்க வைங்க."

அங்கிருந்து நாவுல என்ற ஊர் இருபது மைல் இருக்கும். பதினொரு மணிக்குப் போய்ச் சேர்ந்தோம். மூன்றாவது காட்சி அங்கேதான். பிள்ளைகள் ஏற்கனவே வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். நான் பாடசாலை அதிபரிடம் படம் இன்னும் முடியவில்லை, காட்டமுடியாது என்று சொன்னேன். அவருக்கு எரிச்சல். நியாயம்தான். ஜீப்பில் ஏறியபின் கரீம் நானா, "வேலை போயிருமா மிஸ்?" என்று மட்டும் கேட்டார். போகலாம் என்றேன்.

அறிக்கையில் நடந்ததை நடந்தபடியே எழுதினேன். மாத்தளைப் பிள்ளைகள் சிரித்ததே போதும், குரலைப் பதிவுசெய்வோம் என்றார் முகாமையாளர். நான் மறுத்தேன். பிரிவை மூடினார். என்னைச் சுவரொட்டி வரையப் போட்டார், படத்தை அலுமாரியில் வைத்தார். அதன்பின் ஐந்து மாதம், வேலை முடிந்து வந்து போர்டிங் அறையில் வரைந்தேன். இருபது செக்கன், இருநூற்று நாற்பது ஓவியம். பரணில் ஒரு மனிதன் விழித்துக்கொள்கிறான், காது கொடுக்கிறான், ஏணியில் இறங்கி ஒரு பாலை மரத்துக்குப் பின்னால் போய் நிற்கிறான். அவ்வளவுதான். சுமனாவின் அப்பா போட்டிருந்த சட்டையின் நிறம்கூட எனக்குத் தெரியாது. கேட்காமல் வந்துவிட்டேன். நிறுவனத்தின் கமராக்காரர் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்து அதைப் படம்பிடித்துத் தந்தார். அதைப் பார்த்தபின் முகாமையாளர் குரல் பதிவுக்குச் சம்மதித்தார், அடுத்த வருஷம் இரண்டு மொழியிலும் படம் வெளிவந்தது. அதற்குப் பிறகு இந்தத் தொழிலில் இருபத்தாறு வருஷம், இன்னும் எட்டுப் படம். எந்தப் படத்திலும் ஒரு வீட்டை வரையும் முன் அதற்குள் யார் இருக்கிறார்கள் என்று எழுதி வைத்துக்கொள்வேன்.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். ரிவர்ஸ்டனைக் காலை ஒன்பதுக்கு முன் கடந்துவிடுங்கள், பிறகு பனிமூட்டம் வந்துவிடும். காலில் ஏறும் அட்டைக்குச் சவர்க்காரம் தேய்த்தால் போதும். நான் பார்த்த பல்லேகம நகரத்தைத் தேடவேண்டாம். அது இப்போது நீர்த்தேக்கத்துக்குள். புதிய நகரம் மேட்டில் இருக்கிறது. திரும்பும் கடைசி பஸ்ஸின் நேரத்தை இறங்கியதுமே கேட்டு வையுங்கள். மாலை ஐந்துக்குப் பிறகு காட்டோரப் பாதையில் நடக்காதீர்கள். சேனைகளில் காவல் பரண் அழகாகத் தெரியும். படம் எடுக்க ஏறாதீர்கள். அது ஒருவர் வேலை செய்யும் இடம்.

படம் வந்ததும் ஒரு பிரதியைப் பல்லேகமப் பாடசாலைக்குக் காட்ட அனுப்பினேன். ஆசிரியர் பதில் எழுதினார். மனிதன் ஏணியில் இறங்கியதும் பிள்ளைகள் கைதட்டினார்களாம், அதற்குப் பிறகு யானையைப் பார்த்துச் சிரித்தார்களாம். சுமனா அந்தக் கூட்டத்தில் இல்லை. தாயும் மகளும் பொலன்னறுவைப் பக்கம் தாய்மாமன் வீட்டுக்குப் போய்விட்டார்கள், விலாசம் தெரியாது என்று எழுதியிருந்தார். நான் அந்தப் பக்கமும் நாலு பாடசாலைகளுக்கு எழுதினேன். ஒன்றிலிருந்தும் பதில் வரவில்லை.