அக்கா திருத்திய சொல்

பிரெஞ்சு பேசும் ஊரான சென்ட் லோரன்டில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டில், பிரெஞ்சுத் தொலைக்காட்சிக்கு நான்தான் மொழிபெயர்ப்பாளர். அப்போது நான் மூன்றாம் வகுப்பு. டோர்வல் விமான நிலையத்தில் பெட்டி ஏற்றும் அப்பாவுக்குப் பிரெஞ்சில் வணக்கமும் நன்றியும் மட்டுமே தெரியும். அம்மாவுக்கு அதுவும் வராது. அக்கா என்னைவிட நன்றாகப் பேசுவாள். ஆனால் அந்தக் குளிர்காலத்தில் அவள் அறைக்கதவைச் சாத்திக்கொண்டு கிடந்தாள். உயிராக நினைத்த ஐஸ் ஹொக்கிக்கு இனிப் போவதில்லையாம். ஏனென்று கேட்டால், "விருப்பமில்லை" என்பாள்.

ஒரு ஞாயிறு மத்தியானம் வயதான கறுப்பின ஹொக்கி வீரர் ஒருவரின் பேட்டி போனது. கறுப்பர்கள் எவரும் ஆடாத காலத்தில் பெரிய அணியொன்றில் முதன்முதலாக ஆடியவர்.

"என்னவாம், பிள்ளை?" என்றார் அப்பா.

நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அவர் ஐஸில் இறங்கினால் சனம் நிறத்தைச் சொல்லிக் கத்துமாம், கையில் இருப்பதை எறியுமாம் என்றேன். தோடம்பழம் உரித்துக்கொண்டிருந்த அப்பாவின் கை நின்றது.

"அவர் என்ன செய்தவராம்?"

"பொறுத்தவராம், அப்பா."

அறைக்கதவு திறந்தது. "பிழை," என்றாள் அக்கா. "பொறுத்தவரெண்டு சொல்லேல்லை. விட்டிட்டுப் போகாமல் நிண்டவராம்."

அப்பா தொலைக்காட்சியை விட்டு அவளைப் பார்த்தார். "உன்னையும் ஆரும் கத்தினவையோ?"

"ஓம். மற்ற ரீம் பிள்ளையளின்ர தாய் தேப்பன்மார்."

அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வந்து அக்காவின் பக்கத்தில் உட்கார்ந்தார். பழத்தில் பாதியை அவளிடம் நீட்டிய அப்பா, "சனிக்கிழமை விளையாட்டுக்கு நானும் வாறன்," என்றார்.

"வேலையெல்லோ?"

"அதை மாத்துறன்."

"வந்து சண்டை பிடிக்கக்கூடாது."

"உன்ர பேரைச் சொல்லி மட்டும் கத்துறன்."

அக்கா சிரித்துவிட்டாள். நான் மட்டும், யாரும் கேட்காத பேட்டியைத் தொடர்ந்து மொழிபெயர்த்துக்கொண்டிருந்தேன்.

சனிக்கிழமை எல்லோரும் போனோம். அக்கா விழுந்தாள், எழும்பினாள், ஒரு கோலும் போட்டாள். அப்பா சொன்னபடியே அவள் பெயரைத் தொண்டை கட்டும்வரை கத்தினார். ஆனால் ஆட்டத்தை அவர் பார்க்கவேயில்லை. எதிரணிப் பெற்றோர் இருந்த பக்கமே கண்ணாக இருந்தார். கோல் விழுந்ததைக்கூட நான் தட்டித்தான் காட்டவேண்டியிருந்தது.

பாவம், அப்பாவுக்கு ஹொக்கி விளங்கவில்லை என்று நினைத்தேன். வீடு வந்து சேரும்வரை காரின் பின்னிருக்கையிலிருந்து விதிகளை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொடுத்தேன். அவரும் "ஓம், ஓம்" என்று கேட்டுக்கொண்டே வந்தார்.