கடைசிப் பாட்டில் தளர்ந்த தாளம்

அண்ணை றொக் இசையைப் பற்றிப் பத்திரிகைகளில் எழுதுகிறவர். யாழ்ப்பாணத்தில் இருந்தபோது, அவர் நல்லதென்று எழுதிய கசெற்றைத்தான் பெடியள் தேடி வாங்குவார்கள். இடம்பெயர்ந்து கிளிநொச்சிக்கு வந்த பிறகும் அவர் விடவில்லை. கோடு போட்ட கொப்பித் தாளில் அச்சாகும் ஒரு வாரப் பத்திரிகையில் அரைப் பக்கம் அவருக்கு இருந்தது.

மின்சாரம் இல்லை. பற்றரியையும் ஆமி உள்ளே வர விடுவதில்லை. சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, டைனமோவிலிருந்து வயர் இழுத்து ரேப் றெக்கோடருக்குக் கொடுப்போம். பெடலைக் கையால் சுற்றுவது நான். எட்டாம் வகுப்போடு நின்றவள். அந்தப் பாட்டுகள் எனக்கு விளங்காது. கை மெதுவானால் பாட்டு இழுபடும் என்பது மட்டும் தெரியும்.

"உன்ரை கை மணிக்கூடு மாதிரி, பிள்ளை. கொழும்பிலை கறன்ற்கூட இப்பிடி வராது" என்பார். வேறு யாரும் என்னைப் புகழ்ந்ததில்லை.

கொழும்பில் இசைக்குழு நடத்திய நாலு தமிழ்ப் பெடியள், தங்கள் முதல் கசெற்றை வவுனியா வழியாக வந்த ஒருவரிடம் கொடுத்தனுப்பியிருந்தார்கள். அன்று எனக்கு மலேரியா தொடங்கியிருந்தது. அண்ணை மாலைக்குள் எழுதிக் கொடுக்க வேண்டும். அதனால் சொல்லவில்லை.

கடைசிப் பாட்டில் என் கை தளர்ந்தது.

"ட்ரம்ஸ் அடிக்கிறவனுக்குத் தாளத்தைப் பிடிச்சு நிக்கத் தெரியேல்லை" என்று முணுமுணுத்தபடி அண்ணை எழுதினார்.

காய்ச்சல் விட்ட பிறகுதான் பத்திரிகையைப் பார்த்தேன். இந்த ட்ரம்ஸ் அடிப்பவர் இருக்கும்வரை குழு எழும்பாது என்றிருந்தது. பிழை என் கையில் என்று சொல்ல வாய் வரவில்லை. மாதக்கணக்கில் வரவில்லை.

பிறகு குழுவிடமிருந்து கடிதம் வந்தது. நன்றி சொல்லி, ட்ரம்ஸ் அடித்தவரின் பெயரைப் போட்டு, அவரை நீக்கிவிட்டோம் என்று எழுதியிருந்தார்கள். அண்ணை எனக்கு வாசித்துக் காட்டினார். அன்றுதான் சொன்னேன்.

அவர் ஏசவில்லை. அதே கசெற்றைப் போட்டு, தானே பெடலைச் சுற்றி, வேர்க்க வேர்க்கக் கடைசிப் பாட்டைக் கேட்டார். தாளம் ஓரிடத்திலும் விலகவில்லை.

"காய்ச்சலெண்டு ஒரு சொல் சொல்லியிருக்கலாமே?"

"நீங்கள் பாட்டைக் கேக்காமல் விட்டிடுவியள் எண்டு..."

"ஓம். விட்டிருப்பன்தான்."

திருத்தம் எழுதினார். தன் காது பிழை விட்டது என்று மட்டும், என்னைச் சேர்க்கவில்லை. அதைக் கொண்டுபோய்க் கொடுக்க இருந்த கிழமை செல் குண்டுகள் விழத் தொடங்கின. எல்லோரும் ஓடினோம். பத்திரிகை அதோடு நின்றது. அக்கராயனில் ஒரு கொட்டிலுக்குள், எனக்கு வந்த அதே காய்ச்சலில் அண்ணை செத்தார்.

திருத்தம் எழுதிய தாள் என்னிடம் இருக்கிறது. "ட்ரம்ஸ் அடிப்பவர்" என்றுதான் அதிலும் எழுதியிருக்கிறார். அவருடைய பெயர் இருந்த கடிதம் ஓட்டத்தில் தொலைந்துவிட்டது. கசெற்றும் இல்லை.