பங்கு போட முடியாத கொய்னா

1943ஆம் ஆண்டை நாங்கள் 2603 என்று எழுதினோம். நான் அப்போது மலாக்காவில் ஒரு தமிழ்ப் பள்ளியில் ஆசிரியை. ஜப்பானியர் கணக்குப்படி அந்த எண்ணைக் கரும்பலகையின் ஓரத்தில் எழுதிவிட்டுத்தான் பாடம் தொடங்க வேண்டும். கடிகாரத்தையும் தோக்கியோ நேரத்துக்குத் தள்ளி வைத்திருந்தார்கள். ஏழு மணி என்றால் வெளியே இன்னும் கருக்கலாக இருக்கும். அதனால் அந்த வருஷத்தை நினைக்கும்போது நான் தமிழ் மாதங்களைத்தான் பிடித்துக்கொள்கிறேன். அவற்றில் யாரும் கை வைக்கவில்லை. என் கணவருக்கு முதல் குளிர்காய்ச்சல் வந்தது ஐப்பசியில், தீபாவளி கழிந்து. அவர் பிழைப்பாரா என்ற கேள்வி வந்தது கார்த்திகையில்.

நாங்கள் காஜா பேராங்கில் வாடகைக்கு இருந்தோம். பக்கத்து வீட்டில் ஒரு செட்டி விதவையும் அவள் மகனும். மலாக்காச் செட்டிகள் கும்பிடுவது நம் சாமிகளைத்தான். வீட்டில் பேசுவது மலாய். நாங்கள் அவளை மலாய் முறையில் மக்சிக், சின்னம்மா, என்று அழைப்போம். சண்டைக்கு முன் மகன் பஸ் கண்டக்டராக இருந்தான். பெட்ரோல் இல்லாமல் பஸ் நின்றதும் அவன் வேலையும் நின்றது. என் கணவர் வேலை பார்த்த கடையும் மூடிக் கிடந்தது. அரிசி குறைந்து, எல்லாரும் மரவள்ளி நட வேண்டும் என்று உத்தரவு வந்தபோது இரண்டு பேரும் சேர்ந்து புக்கிட் காதில் என்ற குன்றுப் பக்கம் ஒரு சரிவில் காடு வெட்டினார்கள். பன்றி வராமல் காவல் காக்க, அங்கேயே ஒரு குடிசை போட்டுப் படுத்துக்கொண்டார்கள். கீழே ஓடிய ஓடையின் தண்ணீர் கண்ணாடிபோல இருந்தது என்று என் கணவர் பெருமையாகச் சொன்னார்.

காய்ச்சல் முதலில் மக்சிக்கின் மகனைப் பிடித்தது. அவள் டாக்டரம்மாவை அழைத்து வந்தாள்.

டாக்டரம்மா யாழ்ப்பாணத்துக்காரர். வயது நாற்பதுக்குள் இருக்கும். காரை ஜப்பானியர் எடுத்துக்கொண்டுவிட்டதால் பெச்சா என்னும் மூன்று சக்கர ரிக்‌ஷாவில் வருவார். பெச்சாக்காரர் மேட்டில் மூச்சு வாங்கினால் இறங்கி நடந்து வருவார். மைக்ராஸ்கோப்பையும் எடுத்துவிடுவார்கள் என்று பயந்து, கைத்தையல் மெஷின் மூடிக்குள் அதை மறைத்து வைத்திருந்தார். பார்ப்பவர்கள் அவர் ரவிக்கை தைக்கப் போகிறார் என்று நினைப்பார்கள். கைவசம் இருந்த கொஞ்சம் கொய்னா மாத்திரையில் ஒரு ஆளுக்குத் தேவையானதை அந்த மகனுக்குக் கொடுத்து, முடியும்வரை விழுங்க வேண்டும் என்று சொல்லிவிட்டுப் போனார். ரத்தம் எடுத்துப் பார்க்கவில்லை. ரத்தத்துக்குச் சாயம் ஏற்றும் மருந்து புட்டியின் அடியில்தான் மிச்சம் இருந்தது. பார்த்தால்தான் முடிவு செய்ய முடியும் என்ற நிலை வந்தால் ஒழிய அதைத் திறப்பதில்லை என்று வைத்திருந்தார்.

பாதி மருந்திலேயே அவனுக்குக் காய்ச்சல் நின்றது. அந்தச் சமயத்தில்தான் என் கணவருக்குக் குளிரில் பல் கிட்டியது. எங்கள் சந்தில் ஒரு வழக்கம் உண்டு. மக்சிக் கூயே பலகாரம் செய்தால் ஒரு தட்டு எங்களுக்கு வரும். அந்தத் தட்டு வெறுமையாகத் திரும்பாது, முருங்கைக் கீரையோ ஒரு பிடி உப்போ வைத்துக் கொடுப்போம். பஞ்ச காலத்தில் அந்த வழக்கம் குறையவில்லை, கூடியது. மக்சிக் அதே தட்டில், வாழையிலைத் துண்டு போட்டு மூடி, மிச்சக் கொய்னாவைக் கொண்டுவந்து நீட்டினாள். என் கணவர் விழுங்கினார். இரண்டு நாளில் எழுந்து உட்கார்ந்து சாப்பாடு கேட்டார். தட்டில் நான் என்ன வைத்துத் திருப்பினேன் என்பது மட்டும் ஞாபகமில்லை.

கார்த்திகை பிறந்ததும் இரண்டு வீட்டிலும் காய்ச்சல் திரும்பியது.

மக்சிக்கின் மகனுக்கு ஒருநாள் விட்டு ஒருநாள், சொல்லிவைத்ததுபோல மத்தியானம் நடுக்கம் எடுக்கும். சாயங்காலம் வியர்த்து விடும். மறுநாள் வெளிறிப்போய் நடமாடுவான். என் கணவருக்கு அந்த ஒழுங்கு இல்லை. காய்ச்சல் இறங்கவே இல்லை. ஒரு காலை கஞ்சி கொடுக்கப் போனபோது என்னைப் பார்த்து, நீங்கள் யார் என்று மரியாதையாகக் கேட்டார்.

மக்சிக் தன் கெபாயாச் சட்டையில் குத்தும் மூன்று தங்கக் குரோசாங் ஊசிகளையும் எடுத்துக்கொண்டு ஜாலான் துக்காங் எமாஸ் தெருவுக்குப் போனாள். அங்கே ஒரு பொற்கொல்லருக்குத் தெரிந்த யாரோ ஒருவரிடமிருந்து ஒரு சின்னப் புட்டி கொய்னா கிடைத்தது. உலகத்துக்கெல்லாம் கொய்னாப் பட்டை போன ஜாவா நமக்குப் பக்கத்தில்தான், இரண்டு இடத்துக்கும் ஆட்சி ஒன்றுதான். ஆனாலும் சாதாரண ஜனங்கள் ஒரு மாத்திரைக்கு நகையைக் கழற்ற வேண்டியிருந்தது. மரவள்ளி மாவை உருட்டி மாத்திரை என்று விற்பவர்களும் இருந்ததால், டாக்டரம்மா வந்ததும் முதலில் ஒன்றை நாக்கில் வைத்துப் பார்த்தார். கசப்பில் முகம் சுளித்தது. அசல்தான். ஒரு ஆளுக்கு முழுசாகக் காணும் என்றார். அப்படியானால் ஆளுக்குப் பாதி என்று மக்சிக் சந்தோஷமாகச் சொன்னாள். போன தடவை பங்கு போட்டதையும் அப்போதுதான் வெள்ளையாகச் சொன்னாள்.

டாக்டரம்மா என் பக்கம் திரும்பினார்.

"ஒரு ஆளுக்கு அளந்து குடுத்த குளிசையை ரெண்டு வீட்டுக்காரரும் பங்கு போட்டனீங்களோ? இது பலகாரம் இல்லைப் பிள்ளை. அரை மருந்து காய்ச்சலை அடக்கும், கிருமியைச் சாக்காட்டாது."

பிறகு தையல் மெஷின் மூடியைத் திறந்தார்.

மக்சிக் வீட்டு ஜன்னலோரம் மேசையைப் போட்டு, மைக்ராஸ்கோப்பின் சின்னக் கண்ணாடியை வெயில் பக்கம் திருப்பினார். இரண்டு பேர் விரலிலும் குத்தி, ஆளுக்கொரு கண்ணாடிச் சில்லில் ஒரு சொட்டு ரத்தத்தை மெல்லிசாக இழுத்தார். சாயத்தைப் பொட்டு வைப்பதுபோல விட்டார். அவர் கண்ணை வைத்துக் குனிந்திருந்த அந்த நேரம் முழுவதும் நான் அவர் முதுகைப் பார்த்துக்கொண்டே நின்றேன். அவசரமே இல்லை. முதல் சில்லை ஒருமுறை முடித்துவிட்டு, மறுபடி ஓரத்திலிருந்து ஆரம்பித்தார். பின்னால் இரண்டு வீட்டின் உயிர் காத்துக்கொண்டிருக்கிறது என்று தெரிந்தும் ஒரு மனிதரால் அவ்வளவு நிதானமாகப் பார்க்க முடியும் என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன். பிற்காலத்தில் நோய்களைப் பற்றிக் கிடைத்த புத்தகங்களையெல்லாம் படித்திருக்கிறேன். கிருமியைக் கண்டுபிடித்தவர்கள், கொசுவை அறுத்துப் பார்த்தவர்கள் என்று யாரைப் பற்றிப் படித்தாலும் எனக்கு அந்த முதுகுதான் தெரியும்.

இரண்டு பேருக்கும் மலேரியா. ஆனால் ஒரே மலேரியா இல்லை என்றார். மகனுக்கு இருப்பது திரும்பத் திரும்ப வந்து வாட்டும், ஆளைக் கொல்வது குறைவு. என் கணவருக்கு இருப்பது மூளைக்கு ஏறும் ஜாதி. அதற்கு அடையாளம் என்ன என்று மக்சிக் கேட்டாள். டாக்டரம்மா அவளையே உட்காரவைத்துக் காட்டினார். மக்சிக் ஒரு கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு வெகுநேரம் தேடினாள்.

"பீசாங்," என்றாள் கடைசியில். வாழைப்பழம்.

ஆமாம், வாழைப்பழம்போல வளைந்து கிடப்பதுதான் அது என்றார் டாக்டரம்மா. கொய்னா முழுவதும் அதற்குத்தான் போக வேண்டும் என்றார்.

அதற்குப் பின் அவர்கள் மலாயில் பேசிக்கொண்டதை இங்கே தமிழில் தருகிறேன். அந்தப் பேச்சில் எனக்கு ஒரு வார்த்தையும் இல்லை. புட்டி அவளுடையது. குரோசாங் அவள் கல்யாணத்துக்குப் போட்டது. காய்ச்சலில் கிடப்பவன் அவள் ஒரே மகன். நான் எதைக் கேட்பது?

"என் மகனுக்கு ஒன்றுகூட இல்லையா?"

"ஒன்றுகூட இல்லை."

"பாதி கொடுத்தால்?"

"பாதி கொடுத்தால் அவர் சாவார். உன் மகனுக்கும் அடுத்த மாதம் திரும்ப வரும்."

"முழுதும் கொடுத்தால் என் மகன் சாக மாட்டானா?"

டாக்டரம்மாவுக்குப் பொய் சொல்ல அது நல்ல இடம். ஒரு சத்தியம் செய்திருந்தால் புட்டி அப்போதே என் கைக்கு வந்திருக்கும்.

"சாக மாட்டான் என்று நான் சத்தியம் பண்ண மாட்டேன். நடுங்குவான், மெலிவான். இந்த ஜாதிக் காய்ச்சலில் சாகிறவர்கள் குறைவு, அவ்வளவுதான் எனக்குத் தெரியும். தினமும் வந்து பார்ப்பேன்."

உள்ளே போர்வைக்குள் கிடந்த மகன் இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறான். அங்கிருந்தே குரல் கொடுத்தான். "குடுத்துடு மா. அவர் போயிட்டா அந்தக் கல்லு மண்ணுல நான் ஒருத்தனா மரவள்ளிக்குக் குழி வெட்டணும்."

மக்சிக் புட்டியைக் கையில் எடுத்துக்கொண்டாள். பிறகு ஒரு நிபந்தனை போட்டாள். புட்டி தன்னிடமே இருக்கும். ஒவ்வொரு வேளையும் தானே எடுத்துவந்து கொடுப்பாள். தன் கண் முன்னால் விழுங்க வேண்டும். தானும் அதைத்தான் கேட்க இருந்ததாக டாக்டரம்மா சொன்னார்.

முதல் நாட்களில் வாயைத் திறந்து ஊட்ட வேண்டியிருந்தது. பிறகு என் கணவருக்கு நினைவு தெளிந்தது. என்னை அடையாளம் கண்டுகொண்டதும் முதலில் சொன்னது, காதுக்குள் வண்டு கத்துகிறது என்பதுதான். கொய்னா அப்படித்தான் செய்யும். மக்சிக் திட்டுவது காதில் விழாமல் இருக்க டாக்டரம்மா செய்த உபகாரம் இது என்றார். காய்ச்சல் இறங்கியதும் பக்கத்து வீட்டில் நடந்ததை நான் சொன்னேன். மறுநாள் மக்சிக் கொடுத்த மாத்திரையை அவர் வாயில் போட்டுத் தண்ணீர் குடித்தார்.

மக்சிக் போகவில்லை. அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். சந்தையில் நடந்த ஏதோ ஒரு வேடிக்கையைச் சொன்னாள். அவர் தலையை மட்டும் ஆட்டினார். இன்னொன்று சொன்னாள். அவர் கண்ணில் நீர் கோத்தது, உதடு கோணியது. கொய்னாவைக் கன்னத்தில் ஒதுக்கி வைத்துக்கொண்டு எவராலும் சிரிக்க முடியாது. அவள் மகனுக்குக் கொடுக்கலாம் என்று ஒளித்திருக்கிறார்.

மக்சிக்குக் கோபம் வந்து நான் பார்த்தது அந்த ஒருமுறைதான். குரலை உயர்த்தவில்லை.

"நீ விழுங்கினால்தான் நான் கொடுத்தது கொடுத்ததாகும். இல்லாவிட்டால் என் மகனை நான் சும்மா நடுங்கவிட்டேன் என்று அர்த்தம்."

விழுங்கினார். அன்றிலிருந்து ஒவ்வொரு வேளையும் விழுங்கியதும் பள்ளிப் பிள்ளைபோல வாயைத் திறந்து நாக்கைத் தூக்கிக் காட்டுவார். அவள் போன பிறகு என்னிடம், "ஜப்பான்காரனயாச்சும் ஏமாத்திடலாம், இந்த மக்சிக்கை முடியாது," என்பார். காய்ச்சல் முற்றும் நின்று, நன்றாகச் சாப்பிட ஆரம்பித்த பிறகும் புட்டி காலியாகும்வரை அது நடந்தது.

மார்கழியில் டாக்டரம்மா என் கணவர் விரலில் மறுபடி ஒரு சொட்டு எடுத்தார். சாயப் புட்டியைக் கவிழ்த்துத் தட்டிப் பார்க்க வேண்டியிருந்தது. அதே ஜன்னல், அதே நிதானம்.

"வளையம்போல இருந்து நோயாக்கிற கிருமி ஒன்றும் இல்லை," என்றார். "வாழைப்பழம் ஒன்று ரெண்டு கிடக்குது. அதுகள் உமக்கு ஒன்றும் செய்யாது. நுளம்பு குடிச்சுக்கொண்டு போய் வேற ஆருக்கும் குடுக்கும். வலைக்குள்ளதான் படுக்க வேணும், விளங்குதோ?"

புக்கிட் காதிலில் இனி ராத் தங்கவே கூடாது என்றும் சொன்னார். காட்டு நிழலில் ஓடும் தண்ணீர் ஒன்றும் செய்யாது. மரத்தை வெட்டி வெயில் பட வைத்தால்தான் இந்த ஊர் மலேரியாக் கொசு அந்தத் தெளிந்த நீரில் முட்டையிடும். இந்த நாட்டிலேயே, நாங்கள் பிறப்பதற்கு முன்பே, தோட்டங்களில் ஜனங்கள் கொத்துக்கொத்தாகச் செத்ததைப் பார்த்து, ஓடை ஓடையாக அலைந்து கண்டுபிடித்த விஷயம் அது என்றார். என் கணவர் கண்ணாடிபோல என்று பெருமைப்பட்டது அப்படிப்பட்ட ஓடையைத்தான்.

டாக்டரம்மா சொன்னபடி மக்சிக்கின் மகனைப் பார்க்கத் தினமும் வந்தார். கொடுக்க மருந்து இல்லை. நாடி பார்ப்பார், மண்ணீரலை அழுத்திப் பார்ப்பார், கஞ்சியில் என்ன சேர்க்கலாம் என்று சொல்வார். தையில் ஒரு தடவை அவன் நடுக்கத்தில் கட்டில் சுவரில் மோதும் சத்தம் எங்கள் வீட்டுக்குக் கேட்டது. என் கணவர் எழுந்துபோய் அவனைப் பிடித்துக்கொண்டார். மக்சிக் எங்களைக் குறையாக ஒரு சொல் சொல்லவில்லை, அன்றும் சரி, பிறகும் சரி.

அவன் காய்ச்சல் நாள் தவறாது என்பதால் வேலையை அதன்படி வைத்துக்கொண்டார்கள். காய்ச்சல் நாளில் என் கணவர் தனியாகப் போய் இரண்டு பேர் வேலையையும் செய்துவிட்டு வெளிச்சம் இருக்கும்போதே திரும்புவார். மறுநாள் அவன் போவான், இவர் படுத்துக் கிடப்பார். இவருக்கும் உடம்பில் பலம் வந்திருக்கவில்லை. முதல் அறுவடைக் கிழங்கு அப்படித்தான் வந்தது. மாசியில் காய்ச்சல் ஒரு முறை தவறியது. பங்குனியில் இரண்டு தடவைதான் வந்தது, அதுவும் லேசாக. டாக்டரம்மா நம்பவில்லை, இன்னும் பொறுக்கச் சொன்னார்.

இரண்டு பேரும் சேர்ந்து ஒரே நாளில் சைக்கிள் ஏறிப் போனது சித்திரையில், வருஷப் பிறப்புக்கு அடுத்த வாரம். அன்றும் டாக்டரம்மா வந்திருந்தார். கட்டில் காலியாக இருந்தது. நாடி பார்க்க ஆள் இல்லாமல், மக்சிக் கொடுத்த தேத்தண்ணீரைக் குடித்துவிட்டு, அவள் கையையே கொஞ்ச நேரம் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.