ஆயிரத்து எண்ணூறு ரூபாய்ப் பத்திரம்

மயிலாப்பூர் தெற்கு மாடவீதியில் வாழை இலை விற்ற தேவானைக்கு ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்தெட்டாம் வருஷம் தலைகால் புரியவில்லை. பதினோரு வருஷம் சீட்டுக் கட்டிச் சேர்த்த பணத்தில், அடையாற்றைத் தாண்டிப் பெருங்குடி போகும் வழியில் ஒரு கிரவுண்டு மனை வாங்கிவிட்டாள். விற்றவர் சுயம்புலிங்கம், தியாகராய நகரில் பாத்திரக்கடை வைத்திருந்த திருநெல்வேலிக்காரர். விலை ஆயிரத்து எண்ணூறு.

பத்திரம் எழுதும்போதுதான் ரகளை. ஸ்டாம்புச் செலவை மிச்சம் பிடிக்க எல்லாரும் விலையைக் குறைத்துத்தான் எழுதுவார்கள். ஊர் வழக்கம் அது. "எழுநூறுன்னு போட்டுருவோம்மா. உனக்குந்தான் லாபம், பாத்துக்க" என்றார் சுயம்புலிங்கம்.

"நான் எண்ணிக் குடுத்தது ஆயிரத்து எண்ணூறு அண்ணாச்சி. பேப்பர்ல எழுநூறுன்னா, மிச்சத்த இன்னா காக்காவா தூக்கினு போச்சு?"

பிடித்த பிடியை அவள் விடவில்லை. முழு விலையும் பத்திரத்தில் ஏறியது. அதற்காகக் கூடுதல் ஸ்டாம்புக்கு எண்பது ரூபாய் அழுதாள். கடைத்தெருவே அவளைப் பார்த்துச் சிரித்தது. அவளும் சேர்ந்துதான் சிரித்தாள். ஞாயிறுதோறும் பஸ் பிடித்துப் போய், மனையின் நாலு மூலையிலும் நின்று பார்த்துவிட்டு வருவாள். கிறுக்கு என்றால் அப்படியொரு கிறுக்கு.

மூன்றே வருஷத்தில், வீடுகள் கட்டப்போவதாகச் சொல்லி சர்க்கார் அந்த இடத்தை எடுத்துக்கொண்டது. நஷ்டஈடு எவ்வளவு? அக்கம்பக்கத்துப் பத்திரங்களைப் பார்த்துத்தானே விலை வைப்பார்கள்! பார்த்தார்கள். அவள் பத்திரத்தைத் தவிர எல்லாவற்றிலும் எழுநூறு. கிரவுண்டுக்கு எழுநூறு என்று முடித்துவிட்டார்கள்.

மற்றவர்களுக்கு விற்றது போக, சுயம்புலிங்கத்துக்கு அங்கே இன்னும் எட்டு கிரவுண்டு இருந்தது. வயிறு எரிந்தது. ஆனால் வாயைத் திறந்தால் குறைத்து எழுதிய கதையெல்லாம் கிளறப்படுமே! கொடுத்ததை வாங்கிக்கொண்டு, பேசாமல் கையெழுத்துப் போட்டார். தேவானை மட்டும் தாசில்தார் மேஜை முன்னால் நின்று கத்திய கத்தலில், "ஆட்சேபத்தோட வாங்கிக்கிறேன்னு எழுதிக் குடுத்துட்டுப் போம்மா!" என்று அவரே கெஞ்சினார். அப்படி எழுதியவர்கள்தான் கோர்ட்டுக்குப் போக முடியும். அத்தனை பேரில் எழுதியவள் அவள் ஒருத்திதான்.

வக்கீல் அனந்தராமன் வீட்டுக்கு அவள்தான் இலை கொடுப்பவள். ஃபீஸுக்குப் பதில் ஒரு வருஷ இலை என்று பேச்சாயிற்று. "கோர்ட்டுல கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு, போறும்" என்று படித்துப் படித்துச் சொன்னார் அவர். நடக்கிற காரியமா?

சர்க்கார் வக்கீல் அவள் பத்திரத்தை இரண்டு விரலால் தூக்கிக் காட்டினார். "ஊரே எழுநூறுக்கு எழுதியிருக்கு. இந்தம்மா மட்டும் ஆயிரத்து எண்ணூறு. நஷ்டஈடு பிடுங்கறதுக்காக ஏத்தி எழுதின பொய்ப் பத்திரம்!"

இருந்த பத்திரங்களில் உண்மை சொன்னது அது ஒன்றுதான். அதற்குப் போய் இந்தப் பெயர்! தேவானைக்கு முதலில் அழுகை வந்தது. அப்புறம் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது.

"அல்லாரும் கொறச்சுதான் எழுதறாங்க சாமி. ஏன் வக்கீல் சார், நீ வூடு வாங்கிக் கீறியா? எவ்ளோனு எழுதின?"

சர்க்கார் வக்கீலின் முகம் செக்கச் சிவந்தது. டவாலி போட்ட சேவகன்கூடச் சிரித்துவிட்டான். போன வருஷம்தான் மந்தைவெளியில் வீடு வாங்கியிருந்த நீதிபதி, அவசர அவசரமாக ஒரு காகிதக் கட்டுக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டார். வெகுநேரம் கழித்துத்தான் நிமிர்ந்தார். "விற்றவர் வந்து சொல்லட்டும்" என்றார்.

சுயம்புலிங்கம் கூண்டேறினார். உண்மையைச் சொன்னால் அவருக்குக் காலணா லாபமில்லை. ஆட்சேபம் எழுதாமல் வாங்கியவருக்கு இனிமேல் என்ன வரும்? வந்தால் அபராதம்தான் வரும். எழுநூறுதான் வாங்கினேன் என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் வீட்டுக்குப் போய் நிம்மதியாகச் சாப்பிடலாம். தேவானை அவரையே பார்த்தாள். அன்றைக்கு முதல் தடவையாக அவளுக்குப் பயம் வந்தது.

"ஆயிரத்து எண்ணூறும் எண்ணி வாங்குனேன்யா" என்றார். "மத்தவங்ககிட்டயும் அதேதான். எழுதுனதுதான் எழுநூறு. கைநீட்டி வாங்குன துட்ட வாங்கலன்னு எப்படிய்யா சொல்லுவேன்?"

ஆயிரத்து எண்ணூறு, கட்டாயமாக எடுத்ததற்கு அதற்கு மேல் நூற்றுக்குப் பதினைந்து, வட்டி வேறு என்று தீர்ப்பாயிற்று. தேவானை கோர்ட்டு வராந்தாவில் ஒரு குதி குதித்தாள். கண்ணில் பட்டவர்களுக்கெல்லாம் சோடா வாங்கிக் கொடுத்தாள். சர்க்கார் வக்கீலுக்கும் ஒன்று. அவரும் குடித்தார்.

ஒரு மாதம் கழித்து, சீப்புச் சீப்பாக வாழைப்பழத்தைச் சுமந்துகொண்டு சுயம்புலிங்கத்தின் கடைக்குப் போனாள். கல்லாவுக்கு மேலே, முருகன் படத்துக்குப் பக்கத்தில், தீர்ப்பின் நகல் கண்ணாடிச் சட்டத்துக்குள் தொங்கிக்கொண்டிருந்தது. கடைப் பையனைக் கூப்பிட்டுப் படித்துக் காட்டச் சொன்னாள். கேட்டதும் தலையில் அடித்துக்கொண்டாள்.

"இன்னா அண்ணாச்சி, அறிவு கீதா? நீ கவுர்மெண்ட ஏமாத்தினதும் அதுல எழுதிக் கீதே! அபராதம் போட வர்றவன் கண்ணுல படப்போவுது!"

"நேத்தே வந்து படிச்சிட்டுப் போயிட்டாம்மா" என்றார் சுயம்புலிங்கம். சட்டத்தின் மேல் தூசியைத் துண்டால் துடைத்தார். "கீழ கடைசி வரியப் பாரு. இந்தச் சாட்சி உண்மை பேசினார்னு ஜட்ஜய்யா எழுதியிருக்காரு. நாப்பது வருஷமா யாவாரம் பண்ணுதேன், என்னைய அப்படி ஒருத்தரும் சொன்னதில்ல."