பின்னட்டையில் பிறந்த நூல்

நூலடைவு தொகுப்பவன் புத்தகம் படிப்பவன் அல்ல. முன்னட்டை, பின்னட்டை, பக்க எண் பார்த்துவிட்டு மூடிவைப்பவன். இந்த வேலையில் மாட்டிக்கொண்டவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

தொண்ணூறுகளில் நாளிதழ் வேலையை விட்டுவிட்டு, மைசூரில் ஓர் அறக்கட்டளைக்காகக் கொள்ளேகால் பக்கத்துத் தமிழ் நூல்களுக்கு ஆய்வு வழிகாட்டியாக ஒரு நூலடைவு தொகுத்தேன். தட்டச்சுக்குச் சரோஜா. எங்களுக்கு ஒரே விதி: கையில் எடுத்துப் பார்க்காத நூலைச் சேர்க்கக் கூடாது.

எடுத்துப் போகாதவர்கள்

அக்ரஹாரத்தில் ஒரு வீட்டில் பழைய புத்தகங்கள் இருப்பதாகக் கேள்விப்பட்டுப் போனோம். வீட்டம்மா பரணையே காலி செய்து கூடத்தில் கொட்டிவிட்டார். பெயர், ஆண்டு, பக்கம் குறித்துக்கொண்டு, எல்லாவற்றையும் ஒழுங்காக அடுக்கி வைத்துவிட்டுக் கிளம்பினோம். அவர் முகம் சுண்டிவிட்டது.

"ஒண்ணுகூட எடுத்துட்டுப் போகமாட்டீங்கன்னா, எதுக்கு சார் வந்தீங்க?"

எல்லோரும் படித்த நூல்

'ராமாபுரம் வரலாறு', கொள்ளேகால் பக்கத்து ஊர் ஒன்றின் கதை, ஆசிரியர் அருளப்பன். எங்களுக்கு முந்தைய எல்லா அடைவுகளிலும் இருந்தது. பக்க எண் மட்டும் எதிலும் இல்லை. எந்த நூலகத்திலும் படி கிடைக்கவில்லை. தன் ஆய்வேட்டின் துணைநூற் பட்டியலில் அதைச் சேர்த்திருந்த பேராசிரியர் ஒருவரைக் கேட்டேன். அவர் கொஞ்சமும் அசரவில்லை.

"அருமையான நூல். வாங்கிட்டுப் போனவன் எவனோ திருப்பித் தரலை."

ஆசிரியர் வீட்டில்

அருளப்பனே மைசூரில்தான் இருந்தார். ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர்; மகள் வீட்டில் வாசம். படி கேட்டதும் சிரித்துக்கொண்டே தன் பழைய கவிதைப் புத்தகத்தை நீட்டினார். பின்னட்டையில் 'அச்சில்: ராமாபுரம் வரலாறு' என்று இருந்தது.

"பின்னட்டை காலியா இருக்குதுன்னு அச்சாபீஸ்காரர் சொன்னாருங்க. எழுதலாம்னுதான் இருந்தனுங்க."

அதைப் பார்த்து ஒருவர் அடைவில் சேர்க்க, அவரைப் பார்த்து மற்றவர்கள் சேர்த்திருக்கிறார்கள். நான் நீக்கிவிடுவேன் என்றேன். சிரிப்பு நின்றது. சொந்த ஊரான ராமாபுரத்தில் அவருக்குப் பெயரே 'வரலாறு வாத்தியார்'. திருவிழா மேடையில் முதல் பொன்னாடை அவருக்குத்தான்.

"எடுத்துப்போட்டீங்கன்னா நான் ஊருப் பக்கம் தலைகாட்ட முடியாதுங்க. உங்க புக்கு அச்சுக்குப் போறதுக்குள்ள எழுதிப்போடறனுங்க!"

கடைசி மெய்ப்பு

சொன்ன நாளில் எங்கள் அடைவு அச்சுக்குப் போயிருந்தால் அவர் மானம் போயிருக்கும். நல்லவேளை, நூலடைவு எதுவும் சொன்ன நாளில் போவதில்லை. அவர் பஸ் ஏறி ராமாபுரம் போய், கோயில் எப்போது கட்டியது, கிணறு யார் வெட்டியது என்று வீடு வீடாக விசாரித்தார். ஊர் சந்தேகப்படாதா? 'இரண்டாம் பதிப்புக்குத் திருத்தம்' என்று சொல்லிச் சமாளித்தாராம்.

எங்கள் அடைவின் கடைசி மெய்ப்பு அச்சகத்திலிருந்து திருத்தத்துக்கு வந்த வாரம், மை வாசனை போகாத மெல்லிய புத்தகத்துடன் வந்து நின்றார். கையில் எடுத்துப் பார்த்தேன். பக்க எண்ணோடு சேர்த்தேன். தொழில் பழக்கத்தில் பின்னட்டையைத் திருப்பினேன். எட்டிப் பார்த்த சரோஜா தலையில் கைவைத்துக்கொண்டு, கன்னடத்தில் கடவுளைக் கூப்பிட்டார்.

"அய்யோ தேவரே! 'அச்சில்: இரண்டாம் பாகம்'னு போட்டிருக்காரே சார்!"

எங்கள் தொழிலில் பிழையைத் திருத்த இரண்டு வழி உண்டு: அடைவிலிருந்து நூலை எடுத்துவிடலாம், அல்லது ஆசிரியரை உட்காரவைத்து எழுதவைக்கலாம். இரண்டாவது வழியில் அடுத்த பிழையும் கூடவே வந்துவிடுகிறது.